நீர்க்கோலி முட்டைக்கு அடை

அப்பா ஜூலையில் இறந்தார். இதயம். வயது அறுபத்து மூன்று. பெயர் தளவாய். மும்பை மான்குர்த்தில், அலையாத்திக் காட்டுக்கு முந்தைய சதுப்பில் இருக்கும் ஒரு பம்ப் ஹவுசில் பதினோரு வருடம் வாட்ச்மேன்.

அங்கே நீர்க்கோலி நிறைய உண்டு. அப்பாவுக்கு அது தண்ணிப் பாம்பு, மராத்திக்காரர்களுக்குத் திவட். உடம்பெல்லாம் சதுரங்கக் கட்டம். கண்ணுக்குக் கீழே சாய்வாக இரண்டு கறுப்புக் கோடு. தவளையும் மீனும் தின்னும். மிதித்தால் விடாமல் கடிக்கும், ஆனால் விஷம் கிடையாது. பெரும்பாலான பாம்புகள் முட்டையிட்டதும் போய்விடும். பெண் நீர்க்கோலி கரையில் எலி வளைக்குள் முட்டைகளைச் சுற்றிக்கொண்டே கிடக்கும்.

ஏப்ரலில் மழைக்கு முன் நாலாவை, அதாவது பக்கத்துக் கழிவுநீர்க் கால்வாயை, தூர்வார ஜேசிபி வந்தது. ஓட்டியவன் பைசான், சீத்தா கேம்ப் பையன்.

"மாமா, வளைக்குள்ள சாம்ப் கெடக்கு, நகர மாட்டேங்குது. உங்களக் கடிச்சா இந்த ஜேசிபிலதான் ஆஸ்பத்திரிக்கு ஏத்திட்டுப் போணும்."

"தண்ணிப் பாம்புலே. சத்தங்கேட்டா ஓடிரும், நீ போடு" என்று அப்பா கை காட்டினார்.

ஓடவில்லை. பக்கெட் அதை இரண்டாக வெட்டியது. அடியில் முப்பத்தொன்பது முட்டைகள்.

அப்பா உடனே எனக்கு போன் செய்தார். "நாந்தாம்மா கை காட்டுனேன். குட்டியளாவது பொழைக்கணும். என்ன செய்யணும், சொல்லு."

நான் முலுண்டில் இருக்கிறேன். குளிர்பதனக் கிடங்குகளுக்கு வெப்பக் கட்டுப்பாட்டுக் கருவி வடிவமைப்பது என் வேலை. பாம்பைப் பற்றி ஒன்றும் தெரியாது. மீட்டிங் நடுவில் வெளியே வந்து, வெப்பநிலையை மட்டும் போனில் தேடிப் பார்த்துச் சொன்னேன்.

"இருபத்தெட்டு டிகிரி இருக்கணும்ப்பா. மண்ண ஈரமா வைங்க. மத்தபடி கோழிக்கு அடை வைப்பீங்கல்லா, அந்த மாதிரிப் பாத்துக்கோங்க."

மூன்று வாரம் கழித்து, ஒரு சனிக்கிழமை ரயிலில்தான் முழுதாகப் படித்தேன். கோழி முட்டையைத் திருப்பிக்கொண்டே இருக்க வேண்டும். பாம்பு முட்டையைத் திருப்பவே கூடாது. இட்ட ஓரிரு நாளில் கரு ஓட்டின் உட்புறம் மேலே ஒட்டிக்கொள்கிறது. தலைகீழானால் இறந்துவிடும்.

மறுநாள் போனேன். பம்ப் ஹவுஸ் நிழலில் தெர்மோகோல் பெட்டி. உள்ளே நான் கொடுத்தனுப்பிய தெர்மாமீட்டர், சரியாக இருபத்தெட்டு. ஒவ்வொரு முட்டையிலும் நீலப் பேனாவால் ஒரு பெருக்கல் குறி.

"என்னட்டி அப்படிப் பாக்க? கோழி மூக்கால உருட்டும்லா, நான் கையால. காலைல குறி மேல, சாயந்தரம் குறி கீழ. ஒரு நாள் தப்பல. லீவு நாள்ல கூட வந்து திருப்புனேன். பைசான் கேக்கான், 'மாமா, பேரப்புள்ளைய எப்போ வருது'ன்னு." சிரித்தார். "செரிதானம்மா?"

அவர் நெஞ்சில் இரண்டு ஸ்டென்ட் இருந்தது.

"செரிதான்ப்பா. இனிமே திருப்ப வேண்டாம். கோழி முட்டைக்கும் கடைசில விட்ருவாங்கல்லா."

"ஆமா, ஆமா" என்றார்.

நாற்பதிலிருந்து ஐம்பது நாள் ஆகும். ஐம்பது போனது. முட்டைகள் குழிந்து மஞ்சளாயின. ஐம்பத்தெட்டாம் நாள் அப்பா ஒன்றை நகத்தால் கீறிப் பார்த்துவிட்டு வீடியோ காலில் வந்தார். போனைப் பெட்டிக்குள் காட்டினார். மஞ்சள் தண்ணீர், வேறொன்றும் இல்லை.

"நான் ஏதும் தப்புப் பண்ணிட்டனாம்மா?"

"இல்லப்பா. வெயில்."

"நெழல்லதான வச்சேன்?"

"பாம்பேல நெழலும் சூடுதான்ப்பா."

தெர்மாமீட்டரை அவர் ஞாபகப்படுத்தவில்லை. இஞ்சினியர் மகள் சொன்னால் அவருக்கு அதுதான் சரி. "அப்போ உள்ள, பம்ப் ரூம்ல வச்சிருக்கணும். எனக்குத்தான் புத்தியில்லாமப் போச்சு."

நான் மறுக்கவில்லை. நெட்வொர்க் சரியில்லை என்று சொல்லி வைத்துவிட்டேன்.

பிறகும் தினம் போனில் பேசினோம். மழை, மாத்திரை, அம்மாவின் முழங்கால். சொல்ல ஐந்து வாரம் இருந்தது. சொல்லவில்லை.

சாவுக்கு பைசான் வந்திருந்தான். அப்பா முட்டைகளை எல்லாம் நாலாக் கரையில் புதைத்ததை அவன்தான் சொன்னான்.

"வெளிய வச்சிக் கொன்னுட்டேன், வெளிய வச்சிக் கொன்னுட்டேன்னு ரொம்ப நாளு சொல்லிட்டே இருந்தாரு அக்கா. நெசமாவே வெயில்தானா?"

"ஆமா" என்றேன்.