துவக்குக் கேட்டவர்

யாழ்ப்பாணக் கச்சேரியில், மாவட்டச் செயலகத்தின் தகவல் மேசை வரிசையில் அந்த அம்மா எனக்கு முன்னால் நின்றார். வெளுத்த பருத்திச் சேலை, வெயிலில் கறுத்த முகம், கையில் பன்றி கடித்துப் போட்ட மரவள்ளிக் கிழங்கு. குரலைத் தணித்துப் பழகாதவர் என்பது அவர் மேசை அலுவலரிடம் வாய் திறந்ததுமே தெரிந்தது.

"தம்பி, பண்டி என்ரை தோட்டத்தை உழுது போட்டுது. எனக்குத் துவக்கு லைசன்ஸ் வேணும்."

வரிசையில் நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். போர் முடிந்து இத்தனை வருடமாகியும் துப்பாக்கியைக் குறிக்கும் அந்தச் சொல்லை நாங்கள் வாய்க்குள்தான் சொல்வோம்.

அலுவலர் குனிந்து கிசுகிசுத்தார். "காணி உறுதிப் பத்திரம், கிராம சேவகற்றை கடிதம், பொலிஸ் அறிக்கை, டொக்டற்றை சான்றிதழ் எல்லாம் வேணும். வருஷா வருஷம் காசும் கட்டோணும். உங்களுக்கேன் அம்மா இந்த வில்லங்கம்?"

"எல்லாம் கொண்டு வாறன். துவக்குத் தருவியள்தானே?"

"ஐயோ, மெல்லக் கதையுங்கோ!"

"ஏன் மெல்ல? துவக்கை ஒளிச்சு வைச்சிருக்கிறவன் மெல்லக் கதைக்கட்டும். நான் கேட்டு வாங்க வந்தனான்."

கிழங்கை மேசையிலேயே வைத்துவிட்டு நடந்தார்.

அவருக்கு அது கிடைத்ததோ தெரியாது. அடுத்தது என் முறை. நான் வந்தது பிறப்புச் சான்றிதழுக்கு. அதைக்கூடச் சத்தமாகத்தான் கேட்டேன்.