எங்களில் மூத்தவள்

எங்கள் வீட்டில் ஒற்றை என்றால் பயம். யாராவது வெளியே கிளம்பும்போது ஒரே ஒரு தும்மல் கேட்டுவிட்டால் போயிற்று, செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து உட்கார்ந்து, ஒரு வாய் தண்ணீர் குடித்துவிட்டுத்தான் மறுபடி புறப்பட வேண்டும். தும்மியவரே இன்னொன்றும் தும்மித் தொலைத்தால் தோஷமில்லை. தெருவில் ஒற்றைப் பிராமணன் எதிரே வரக்கூடாது. அறுபதுகளின் பம்பாயில், மாட்டுங்காவில், காலையில் ஆபீஸ் போகிற நேரத்தில், இது நடக்கிற காரியமா? அப்பா மாடிப்படிக்குக் கீழே நின்று, எதிரே இரண்டு பேர் சேர்ந்து வரட்டும் என்று காத்திருந்து, ஃபோர்ட்டுக்குப் போகிற வண்டியைத் தவறவிட்டிருக்கிறார். வெற்றிலை கொடுத்தால் இரண்டு, பாக்கு கொடுத்தால் இரண்டு. எதிலும் இரட்டைதான் சுபம். நானும் என் சகோதரியும் இரட்டையாகப் பிறந்தது மட்டும் தீராத சங்கடமாக இருந்தது.

சங்கடம் இதுதான்: எங்களில் யார் மூத்தவள் என்று வீட்டில் முடிவாகவில்லை.

அவள் முதலில் பிறந்தாள். சில நிமிஷங்கள் கழித்து நான். ஆகவே அவள்தான் மூத்தவள் என்பது அம்மாவின் கட்சி. அப்பாவின் அக்கா, எங்கள் அத்தை, வருஷத்தில் பாதி பாலக்காட்டிலும் பாதி எங்களோடும் இருப்பாள். அவள் கணக்கே வேறு. "பெட்டியில முதல்ல வச்ச புடவை அடியிலன்னா இருக்கும்? எடுக்கறச்சே கடைசியிலதான் வரும். பின்னாடி பொறந்தவதான் முன்னாடி உள்ளே போனவ. அவதான் மூத்தவ." அத்தையோடு வாதாட எங்கள் வீட்டில் ஆள் கிடையாது. அதனால் அத்தை ரயிலிலிருந்து இறங்கும் நாள் முதல் நான் மூத்தவள்; எனக்குத்தான் முதலில் எண்ணெய் தேய்ப்பார்கள். அத்தை ஊருக்குக் கிளம்பிய மறுநாள் நான் இளையவளாகிவிடுவேன். நாங்கள் இருவரும் ஒருவரை ஒருவர் அக்கா என்று ஒருநாளும் கூப்பிட்டதில்லை. வாடி, போடி என்பதோடு சரி.

இதில் அப்பாவும் ஒரு காரியம் செய்து வைத்திருந்தார். இருவருக்கும் ஒரே நட்சத்திரம், ஒரே பாதம், லக்னம்கூட மாறவில்லை. எதற்கு இரண்டு என்று ஒரே ஜாதகமாக எழுதி வாங்கிவிட்டார். கோவிலில் அர்ச்சகர் எங்கள் இரண்டு பெயரையும் ஒரே மூச்சில் சொல்லி ஒரு நட்சத்திரத்தோடு முடித்துக்கொள்வார். சின்ன வயதில் எனக்கு அது வேடிக்கையாக இருந்தது.

முகம் ஒன்றாக இருந்ததே தவிர, நாங்கள் பார்த்தது வேறு வேறு. நான் கல்லூரியில் உயிரியல் எடுத்தேன். வெங்காய வேரின் நுனியைச் சிவப்புச் சாயத்தில் ஊறவைத்து, கண்ணாடித் தகட்டில் நசுக்கி மைக்ராஸ்கோப்பில் பார்த்தால், ஒரு செல் இரண்டாகப் பிரிவது தெரியும். உள்ளே நூல் நூலாக இருப்பவை ஒவ்வொன்றும் இரண்டாகி, இரண்டு பக்கமாக விலகும். பிரிந்த பிறகு இதுதான் பழையது, இது புதியது என்று சொல்லவே முடியாது. முதல் தடவை பார்த்த அன்று எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. வீட்டுக்கு வந்து கூடத்துக்கும் பால்கனிக்கும் நடந்துகொண்டே இருந்தேன். "காலை ஒடிச்சு அடுப்புல வைக்கப் போறேன், உக்காருடி" என்றாள் அம்மா.

என் சகோதரி எடுத்தது கணிதம். பம்பாயில் எங்கேயோ ஒரு ராட்சசக் கணக்கு மெஷின் இருக்கிறது, அதற்கு ஒன்று, சைபர் என்று இரண்டே இரண்டு எழுத்துத்தான் தெரியும், அந்த இரண்டை வைத்துக்கொண்டு உலகத்துக் கணக்கையெல்லாம் போடுகிறது என்று அவளுடைய புரொஃபசர் சொல்லியிருந்தார். அன்றிலிருந்து அவளுக்கு அதே பைத்தியம். வாசலில் கோலம் போடுவது அவள் முறை என்றால் ஓரத்தில் ஒரு சின்ன வரிசை இருக்கும். புள்ளி வைத்தால் ஒன்று, இடம் விட்டால் சைபர். அன்றைய தேதியை அப்படி எழுதிவிட்டுப் போவாள். அத்தை அதைத் தாண்டித் தாண்டிப் போவாள். என்னைத் தவிர ஒருவருக்கும் அது தேதி என்று தெரியாது. அந்த மெஷினுக்குப் பக்கத்தில் ஒரு நாற்காலி போட்டு உட்கார வேண்டும், அவ்வளவுதான் என் ஆசை என்பாள். எம்.எஸ்ஸி. சேர்வதற்கு எழுதிப் போட்டிருந்தாள்.

எனக்குச் செம்பூர் தாண்டி ஓர் ஆராய்ச்சிக் கூடத்தில் வேலை கிடைத்தது. வெங்காய வேரைத்தான் அங்கேயும் பார்க்க வேண்டும். உத்தரவு வந்த அதே வாரம் மதராஸிலிருந்து வரனும் வந்தது. ஜாதகம் பத்துப் பொருத்தமும் பொருந்தியிருக்கிறது, செம்பூரில் உறவுக்காரர் வீட்டில் வந்து இறங்கியிருக்கிறோம், ஞாயிற்றுக்கிழமை பெண் பார்க்க வருகிறோம் என்று ஆள் மூலம் சொல்லி அனுப்பினார்கள். எந்தப் பெண் என்று அவர்கள் கேட்கவில்லை. ஜாதகம் ஒன்றுதானே? அப்பாவுக்கு அப்போதுதான் தாம் செய்த வேலை உறைத்தது.

"இதுல யோசிக்க என்ன இருக்கு? மூத்தவளுக்குத்தான் முதல்ல" என்றாள் அத்தை. அத்தை எங்களோடு இருந்த மாதம் அது. ஆகவே மூத்தவள் நான். அம்மா சமையலறைக்குள் போய்விட்டாள். அப்பா தம் அக்காவின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் வேலைக்குப் போவதும் போகாததும் ஒரு ட்ரங்குப் பெட்டியின் அடியில் கிடக்கிற புடவையைப் பொறுத்தது என்று ஆகிவிட்டது.

எனக்கு வந்த ஆத்திரம் கொஞ்சநஞ்சமில்லை. படித்ததை வைத்தே மடக்கிவிடலாம் என்று நினைத்தேன். அன்று சாயங்காலம் அப்பா ஆபீஸிலிருந்து வந்து காப்பியை ஆற்றிக்கொண்டிருந்தார். தம்ளரிலிருந்து டவராவுக்கும் டவராவிலிருந்து தம்ளருக்கும் அது போய் வந்துகொண்டிருந்தது.

"அப்பா, நாங்க ரெண்டு பேரும் அச்சு அசலா ஒண்ணா இருக்கோம். அப்படின்னா ஒரே கருதான் ரெண்டாப் பிரிஞ்சிருக்கு. முதல்ல உள்ளே போனவ, அப்புறம் போனவன்னே கிடையாது. போனது ஒண்ணுதான். அது ரெண்டாச்சு. அதனால எங்கள்ல மூத்தவளும் இல்லை, இளையவளும் இல்லை."

அப்பா ஆற்றுவதை நிறுத்தினார். அத்தையும் கையிலிருந்த திரியைக் கீழே வைத்துவிட்டு என்னையே பார்த்தாள். ஜெயித்துவிட்டேன் என்று நினைத்தேன்.

"அப்படியா சொல்றாய்?" என்றாள் அத்தை, மிகவும் சாந்தமாக. "அப்போ ஒருத்திக்காக ஒருத்தி காத்திண்டிருக்கவும் வேண்டாம். மாப்பிள்ளைக்கு ஒரு தம்பி இருக்கானாம். பாங்க்ல வேலை. இதே ஜாதகத்தை அவனோடதுக்கும் பாத்துட்டாப் போச்சு. ஒரே பந்தல், ஒரே முகூர்த்தம். ரெண்டா வந்ததுகள், ரெண்டாவே போகட்டும்."

அப்பாவின் முகத்தில் எத்தனையோ வருஷமாகக் காணாத ஒரு நிம்மதி வந்தது. மறுநாளே செம்பூருக்குச் சொல்லி அனுப்பினார். தம்பியும் கூடவே வந்திருக்கிறான், ஜாதகமும் பழுதில்லை, ஞாயிற்றுக்கிழமை எல்லோருமாகவே வருகிறோம் என்று பதில் வந்துவிட்டது. வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருந்தால் ஒருத்தியோடு போயிருக்கும். இப்போது அவளுடைய நாற்காலியும் போகப் போகிறது.

சனிக்கிழமை பிற்பகல் நானும் அவளும் கிங்ஸ் சர்க்கிள் பூங்காவைச் சுற்றிச் சுற்றி நடந்தோம். எனக்கு உட்கார முடியவில்லை. அவள் என் வேகத்துக்கு ஈடுகொடுத்துக்கொண்டே வந்தாள். ஓடிப்போய்விடலாமா என்றேன். சாப்பிடாமல் படுத்துக்கொள்ளலாமா என்றேன். மாப்பிள்ளையின் எதிரில் மாறுகண்ணாக விழிக்கட்டுமா என்றுகூடக் கேட்டேன்.

"ஹைட்ரஜனைப் பாத்தியோ?" என்றாள் அவள். "தனியா ஒரு அணு இருக்கவே இருக்காது. இன்னொண்ணைப் பிடிச்சிண்டுதான் நிக்கும். அதுவும் நம்மாத்துல பொறந்திருக்கும்போல இருக்கு, ஒத்தைன்னா பயம்."

"உனக்குச் சிரிப்பு வரதா?"

"பின்னே என்ன பண்ணச் சொல்றாய்? ரெண்டு பேரும் அழுதா ஆச்சா?"

வீட்டுக்குத் திரும்பும்போது கடையில் ஹேர்ப்பின் வாங்கினாள். அவள் மனதில் கணக்கு ஓடிக்கொண்டிருந்தது என்று எனக்கு அப்போது தெரியாது.

ஞாயிற்றுக்கிழமை வந்தார்கள். சொஜ்ஜி, பஜ்ஜி, கூடத்தில் ஜமக்காளம். எங்கள் இருவருக்கும் ஒரே நிறத்தில் புடவை கட்டி உட்காரவைத்திருந்தார்கள். அண்ணன் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார், தம்பி தட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவர்களுடைய அம்மா மட்டும் எங்களை மாறி மாறிப் பார்த்தாள். அந்த அம்மாளுக்கு ஒரு நியாயமான சந்தேகம்.

"ரெண்டு பேரும் லட்சணமாத்தான் இருக்கா. ஆனா எங்காத்துக்கு மூத்த மாட்டுப்பொண்ணுன்னு ஒருத்தி வேணுமே. பெரியவனுக்குப் பெரியவளைத்தானே பண்ணணும். இதுல யாரு பெரியவ?"

அப்பா அத்தையைப் பார்த்தார். அத்தை என்னைக் காட்டக் கையைத் தூக்கினாள். யாரும் பெரியவளில்லை என்று சொல்ல நான் வாயெடுத்தேன். அதற்குள் என் சகோதரி நிமிர்ந்து, பரீட்சையில் விடை சொல்வதுபோல் நிதானமாகச் சொன்னாள்.

"நான்தான் மூத்தவ. இவ எனக்கு அப்புறம் பொறந்தவ. இவளுக்கு இப்போ கல்யாணம் பண்ண முடியாது மாமி. வேலைக்குச் சேரறச்சே ரெண்டு வருஷத்துக்குக் கல்யாணம் பண்ணிக்கறதில்லைன்னு ஆபீஸ்ல வாக்குக் குடுத்திருக்கா. அப்பாவுக்குச் சொல்லச் சங்கோஜம்."

அப்படி ஒரு வாக்கும் கிடையாது, அப்படிக் கேட்கிற ஆபீஸும் கிடையாது. ஆனால் வந்தவர்களுக்கு எதிரில் பெண் பொய் சொல்கிறாள் என்று எந்தத் தகப்பனார் சொல்வார்? அப்பா துண்டால் நெற்றியைத் துடைத்துக்கொண்டார். அத்தையின் கை பாதியில் நின்றது. அப்போது சமையலறை வாசலிலிருந்து அம்மாவின் குரல் வந்தது.

"ஆமாம். இவதான் முதல்ல பொறந்தா. பெத்தவ நான் சொல்றேன்."

அத்தையை எதிர்த்து அம்மா பேசி நான் கேட்டது அந்த ஒரு முறைதான்.

காரியம் முடிந்துவிட்டது. பெரியவளைப் பெரியவனுக்கு நிச்சயம் செய்துகொண்டு, தம்பிக்கு வேறு இடம் பார்க்கிறோம் என்று சொல்லி, தாம்பூலம் வாங்கிக்கொண்டு போனார்கள். இரண்டு வெற்றிலை, இரண்டு பாக்கு. அவர்கள் படியிறங்கியதும் நான் அவளைச் சமையலறைக்கு இழுத்துக்கொண்டு போனேன். எனக்கு நன்றி வரவில்லை, கோபம்தான் வந்தது. அவள் தோளைப் பிடித்து உலுக்கினேன்.

"யாரைக் கேட்டுண்டு சொன்னாய்? எம்.எஸ்ஸி. என்ன ஆறது? உன் மெஷின் என்ன ஆறது?"

"கணக்குப் போட்டுப் பாத்தேன்" என்றாள் அவள். "நீயும் நானும் சமம்னா ரெண்டு பேரும் போகணும். ஒருத்தி மூத்தவள்னா ஒருத்தி போனாப் போறும். உனக்கு வேலை கையில இருக்கு. எனக்கு ஆசைதானே இருக்கு."

"நான் போயிருப்பேன். அத்தை கணக்குப்படி நான்தானே மூத்தவ."

"அதான் நீ சொல்றதுக்குள்ளே நான் சொன்னேன்."

பஜ்ஜித் தட்டை எடுத்து என் கையில் கொடுத்துவிட்டு, புடவை மாற்றப் போய்விட்டாள். அவள் அழுதாளா என்று நான் பார்க்கவில்லை. எனக்கு அழுகை வந்தது. தட்டைக் கீழே வைக்கவும் தோன்றாமல் அழுதேன்.

தை மாதத்தில் கல்யாணம் நடந்தது. அத்தைகூட மனம் மாறி, எல்லோரிடமும் அவளை மூத்தவள் என்றே சொல்லிக்கொண்டிருந்தாள். நான் அதற்குள் வேலையில் சேர்ந்திருந்தேன். பஸ்ஸில் செம்பூர் போவதும், சாயம் ஏற்றிய வேரை நசுக்குவதும், மைக்ராஸ்கோப்பில் குனிவதுமாக நாட்கள் போயின. செல் பிரிகிற கட்டம் வரும்போது மட்டும் எழுந்து ஒரு நடை நடந்துவிட்டு வருவேன். பக்கத்து மேஜைக்காரர்கள் எனக்கு முதுகுவலி என்று நினைத்துக்கொண்டார்கள்.

மதராஸ் வண்டிக்கு அவர்களைத் தாதர் ஸ்டேஷனில் ஏற்றிவிட்டோம். புது மாப்பிள்ளை பெட்டிகளைச் சீட்டுக்கு அடியில் தள்ளிக்கொண்டிருந்தார். அவள் ஜன்னல் ஓரத்தில் உட்கார்ந்திருந்தாள். நான் பிளாட்பாரத்தில் நின்று ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டேன். கார்டு விசில் ஊதினார். வண்டி அசைந்தது. எனக்குச் செய்துகொடுத்ததற்குத் திருப்பிக் கொடுக்க என்னிடம் இருந்தது ஒரே ஒரு வார்த்தைதான் என்று தோன்றியது.

"அக்கா" என்றேன்.

அவள் சட்டென்று கம்பி வழியாகக் கையை நீட்டி என் வாயைப் பொத்தினாள். வண்டியோடு நானும் நடந்தேன்.

"அப்படிக் கூப்பிடாதேடி" என்றாள். "அது அவாளுக்குச் சொன்னது. உனக்கில்லை."