புகை மணக்காத சாராயம்

நான் குடியிருக்கும் தெருவில் எதிர்வீட்டுப் பெண்மணி தினமும் காலையில் யானைக் கற்றாழையின் மடல்களை ஈரத்துணியால் ஒவ்வொன்றாகத் துடைக்கிறார். மெக்சிகோவுக்கு வந்து ஆறு வருடமாகியும் இந்தக் காட்சி எனக்குப் பழகவில்லை. திருச்சியில் ரயில் பாதை ஓரத்திலும், முசிறிப் பக்கம் வயல் வரப்பிலும் ஆடுமாடு நுழையாமலிருக்க வைக்கிற முள்செடி அது. அதற்கு யாரும் தண்ணீர்கூட ஊற்றியதில்லை. வந்த புதிதில் இதை அவரிடம் சொல்ல முயன்றேன். எங்கள் ஊரில் இது வேலி என்று சொல்வதாக நினைத்துக்கொண்டு, வேலிக்கு அகராதியில் பார்த்து வைத்திருந்த ‘செர்க்கா’ என்ற சொல்லைப் போட்டேன். அந்தச் சொல்லுக்குப் ‘பக்கத்தில்’ என்றும் பொருள் உண்டாம். அவர் துணியைப் பிழிந்தபடியே, “உங்க ஊர் பக்கத்துலயா இருக்கு? அப்ப அடிக்கடி போயிட்டு வரலாமே” என்றார். ஆமாம் என்று தலையாட்டிவிட்டு வந்துவிட்டேன்.

அந்தக் கற்றாழையின் அடிக்கிழங்கிலிருந்துதான் மெஸ்கால் என்கிற சாராயத்தை இங்கே வடிக்கிறார்கள். வஹாக்கா மாநிலத்துக் கிராமங்களில் அதை வடிக்கும் கொட்டகைகளைச் சுற்றிப் பார்க்க வெளியூரிலிருந்து ஆட்கள் வருகிறார்கள். போன வருடம் நானும் போனேன். நான் குடிக்காதவன். கூப்பிட்டவன் சாரதி. நாங்கள் இருவரும் ஒரே கார் உதிரிபாகத் தொழிற்சாலையில் வேலை பார்த்தோம். அவன் ஸ்ரீரங்கம் மேல உத்திர வீதிக்காரன், நான் பாலக்கரை. ஊரில் இருந்திருந்தால் பஸ்ஸில் ஒருவரையொருவர் இடித்துக்கொண்டு இறங்கிப் போயிருப்போம். இங்கே ஒரே வீட்டில் நான்கு வருடம் சேர்ந்து சமைத்துச் சாப்பிட்டோம். அவன் என்னைப் பாய் என்று கூப்பிடுவான். வீட்டுக்குத் தெரியாமல் அவன் குடிப்பது எனக்குத் தெரியும். அது பற்றி நான் ஒன்றும் சொன்னதில்லை.

சனிக்கிழமை காலையில் முதலில் பார்த்தது தோன்யா எல்வீராவின் கொட்டகை. தோன்யா என்பது நாம் பெயருக்குப் பின்னால் அம்மா என்று சேர்ப்பது மாதிரி. ஐம்பது வயதிருக்கும், சத்தமாகப் பேசாத பெண். நிலத்தில் ஆள் உயரத்துக்குக் குழி வெட்டி, கல்லைக் காய வைத்து, அதன்மேல் கற்றாழைக் கிழங்குகளை அடுக்கி மண்ணைப் போட்டு மூடியிருந்தார்கள். மண்ணின் வெடிப்புகளிலிருந்து புகை வந்துகொண்டிருந்தது. ஆளைப் புதைத்து மூடிய புதிய கபரைப் போல இருந்த அந்த மேட்டைச் சுற்றி எல்லோரும் செல்ஃபி எடுத்தார்கள். நான் தள்ளி நின்றேன். வெந்த கிழங்கில் ஒரு துண்டு கொடுத்தார். கருப்பட்டியில் ஊறவைத்த பனங்கிழங்கு மாதிரி இருந்தது, நாரைத் துப்ப வேண்டியிருந்தது. கிழங்கை நசுக்க நம் செக்கைப் போல ஒரு கல்சக்கரம், அதை இழுக்க ஒரு குதிரை. வடித்ததை அவர் ஒரு நாணல் குழாயால் உறிஞ்சி, சுரைக்குடுக்கையில் ஊற்றி, மேலே நிற்கும் நுரைமுத்துக்களைப் பார்த்தே வீரியம் சொன்னார். என் உள்ளங்கையில் ஒரு சொட்டு விட்டுத் தேய்த்து முகரச் சொன்னார். புகை மணந்தது. “இந்த மணம் இல்லேன்னா அது மெஸ்கால் இல்ல” என்றார்.

மதியம் அடுத்த ஊர் சந்தையில் சாப்பிட உட்கார்ந்தோம். எலுமிச்சையும் மிளகாயும் போட்டு வறுத்த வெட்டுக்கிளிகள் கூடை கூடையாகக் குவிந்திருந்தன. நாங்கள் த்லாயூதா கேட்டோம். அகலமான மக்காச்சோள அடையைத் தணலில் மொறுமொறுப்பாக வாட்டி மேலே பீன்ஸ் மசியலைத் தடவிக் கொடுப்பார்கள். இறைச்சி வேண்டாம் என்று நான் மூன்று தடவை சொன்னேன். “இறைச்சியே இல்ல” என்று அந்த அம்மாள் சத்தியம் செய்யாத குறையாகச் சொன்னாள். சாப்பிட்டு முடித்தபின் பக்கத்து மேசைக்கு அவள் அடை போடுவதைப் பார்த்தேன். பீன்ஸுக்கு அடியில் வெளுப்பாக எதையோ பூசினாள். என்னவென்று கேட்டதற்குப் பன்றிக் கொழுப்பு என்றாள். கொழுப்பு அவளுக்கு இறைச்சிக் கணக்கில் வரவில்லை, அவ்வளவுதான்.  கைகழுவும் இடத்தில் வெகுநேரம் நின்றேன். சாரதி முதலில் வெளிறினான். பிறகு சிரித்தான். அந்தச் சிரிப்பு எனக்குப் பிடிக்கவில்லை.

“போனது போச்சு பாய். இனிமே என்ன ஆசாரம் வேண்டிக் கிடக்கு” என்றான்.

அதன்பிறகு அவனைப் பிடிக்க முடியவில்லை. ஷேர் டாக்ஸிகள் நிற்கும் ஒரு கூட்டு ரோட்டில், வெள்ளைப் பிளாஸ்டிக் கேனோடு ஒருவன் மரத்தடியில் உட்கார்ந்திருந்தான். லேபிள் கிடையாது. சுற்றுலாக்காரர்களுக்குக் காட்டுவதெல்லாம் வேஷம், ஊர்க்காரர்கள் குடிப்பது இதுதான் என்று சாரதி இறங்கிப் போனான். நானும் கூடப் போனேன். பேப்பர் கப்பில் வாங்கி, முகர்ந்து பார் என்று என் மூக்கருகே நீட்டினான். அதில் புகை இல்லை. ஆஸ்பத்திரி வராந்தா மாதிரி ஒரு வாடை மட்டும் இருந்தது. காலையில் எல்வீரா சொன்னது நினைவுக்கு வந்தது. அதைவிடப் பழைய ஒன்றும் நினைவுக்கு வந்தது. ஆனாலும் வாயைத் திறக்கவில்லை. குடிக்காதவன் குடிக்கிறவனுக்குப் பாடம் எடுக்கிறான் என்று நினைப்பானே என்று கூசினேன். அவன் மூன்று கப் குடித்தான். விற்றவன் எங்களைப் பார்த்துச் சிரிக்கவில்லை, எந்த ஊர் என்றும் கேட்கவில்லை. இந்த நாட்டில் எந்த ஊர் என்று கேட்காத முதல் ஆளை அன்றுதான் பார்த்தேன்.

பழைய விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன். நான் காலேஜில் படிக்கும்போது எங்கள் வீட்டில் என் தாய்மாமா நூர் இருந்தார். சவூதியில், தமாமில் வெல்டராக இருந்து திரும்பி வந்தவர். ஒரு நாள் சாயங்காலம் கூடத்தில் உட்கார்ந்து மேலே பார்த்துக்கொண்டே, “யாரு லைட்டை மாத்துனா? ஏன் இம்புட்டு வெள்ளையா இருக்கு?” என்று கேட்டார். லைட்டே போட்டிருக்கவில்லை. அவர் மேல் அடித்த சாராய வாடை, அதே ஆஸ்பத்திரி வாடை, எனக்கும் அம்மாவுக்கும் தெரிந்தது. அம்மா எழுந்து போய் வாசல் கதவைச் சாத்தினார். “உங்க அத்தாவுக்குத் தெரிய வேணாம். ஜமாஅத்துல பேச்சு வந்துரும். தூங்கி எந்திரிச்சா சரியாப்போயிரும்” என்றார். மறுநாள் மதியத்துக்கு மேல்தான் ஆஸ்பத்திரிக்குப் போனோம். எதையாவது குடித்தாரா என்று டாக்டர் கேட்டார். இல்லை, சுகர் இருக்கிறது என்றார் அம்மா. டாக்டர் என்னைப் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன். மாமாவுக்கு அதன்பிறகு பார்வை வரவில்லை. சுகரால் போன கண் என்றுதான் இன்றுவரை எங்கள் தெருவில் எல்லோருக்கும் தெரியும்.

ஞாயிறு காலை, எல்வீராவின் ஊரில் நாங்கள் தங்கியிருந்த அறையில் சாரதி ஜன்னல் வெளிச்சத்தைக் கையால் மறைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். மூச்சு வேகமாக வந்தது. வாந்தி எடுத்திருந்தான்.

“பாய், வெளியில பனி கொட்டறதா என்ன? எல்லாம் வெள்ளையா இருக்கு.”

வெளியில் வெயில் காய்ந்துகொண்டிருந்தது.  எழுந்திரு, ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்றேன். அவன் என் சட்டையைப் பிடித்துக்கொண்டான்.

“வேண்டாம் பாய். கம்பெனிக்குப் போகும், அப்புறம் ஆத்துக்குத் தெரிஞ்சுடும். அப்பாவுக்குத் தெரிஞ்சா நான் அங்க காலெடுத்து வைக்க முடியாது. செத்த படுத்துண்டா சரியாயிடும்.”

அந்தக் கடைசி வாக்கியம் எங்கள் வீட்டில் நான் கேட்டதுதான். அவன் கையை விலக்கிவிட்டு எல்வீராவின் வீட்டுக்கு ஓடினேன். என் ஸ்பானிஷ் எல்லாம் குழம்பியது. நண்பன், மெஸ்கால், கெட்டது, கண் என்று சொற்களை உதிரியாகச் சொன்னேன். அவர் முகம் இறுகியது. “என் மெஸ்கால்ல கெட்டது எதுவும் கிடையாது. ஊர்ல யாரை வேணும்னாலும் கேளுங்க” என்றார். கதவைச் சாத்தப் போனவரிடம், பிளாஸ்டிக் கேன், கூட்டு ரோடு, மரம் என்று கையால் காட்டினேன். கதவு நின்றது. அவர் உடனே தெரிந்த டாக்டருக்குப் போன் போட்டார். இரண்டு மணி நேர வழி. அதுவரைக்கும் நல்ல சாராயத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுத்துக்கொண்டே வரச் சொன்னாராம் டாக்டர். விஷச் சாராயம் உடம்பில் வேலை செய்வதை நல்ல சாராயம் தள்ளிப்போடும் என்று எனக்கு அன்றுதான் தெரிந்தது.

எல்வீரா வண்டியை ஓட்டினார். பின்சீட்டில் சாரதியின் தலையை மடியில் வைத்துக்கொண்டு, அவருடைய பாட்டிலிலிருந்து அவர் சொன்ன அளவில் ஸ்பூனில் ஊற்றி அவன் வாயில் விட்டேன். ஆயுளில் தொடாத பொருள் விரலிடுக்கில் வழிந்து கை முழுக்கப் புகை மணந்தது. ஒவ்வொரு ஸ்பூனுக்கும் என்னையறியாமல் பிஸ்மில்லா சொன்னேன். அது சரியா தவறா என்று யோசிக்க நேரமில்லை. “இப்ப வெளிச்சமா இருக்கா, இருட்டா இருக்கா?” என்று கேட்டுக்கொண்டே வந்தேன். கொஞ்ச தூரத்துக்குப் பிறகு அவன் பதில் சொல்வதை நிறுத்திவிட்டான். என்ன குடித்தான் என்று ஆஸ்பத்திரியில் கேட்டார்கள். எங்கே, எவ்வளவு, எத்தனை மணிக்கு என்று எல்லாவற்றையும் சொன்னேன்.

டயாலிசிஸ் செய்தார்கள். பிழைத்துக்கொண்டான். இடது கண் தப்பியது. வலது கண்ணில் ஓரங்கள் மட்டும் தெரியும். நேரே பார்த்தால் ஆளின் காது தெரியும், முகம் தெரியாது. மூன்று மாதம் கழித்து அவனை ஊரில் கொண்டுபோய் விட்டது நான்தான். கண்ணில் கிருமி என்று வீட்டில் சொல்லியிருந்தான். அவனுடைய அப்பா, ரிட்டயரான கணக்கு வாத்தியார், எனக்குக் காபி கொடுத்துவிட்டு, நான் கிளம்பும்போது தெருமுனை வரைக்கும் கூடவே நடந்து வந்தார். பூக்கடை தாண்டியதும் நின்றார்.

“கிருமிக்கு டயாலிசிஸ் பண்ணுவாளா? ரிப்போர்ட்டை நான் படிச்சேன். என்ன ஆச்சு, சொல்லுங்கோ.”

“குடிச்சிருந்தார் சார். அது கெட்ட சரக்கு. முகர்ந்தப்பவே எனக்குச் சந்தேகமா இருந்துச்சு. தடுக்காம விட்டுட்டேன்.”

அவர் கோபுரத்துப் பக்கம் திரும்பிக்கொண்டார். “அவன் அம்மாவுக்குக் கிருமின்னே இருக்கட்டும்” என்றார். பிறகு, “எனக்கும் நீங்க சொல்லாம இருந்திருக்கலாம்” என்று சொல்லிவிட்டுத் திரும்பி நடந்தார். கை கொடுக்கவில்லை.

சத்திரம் பஸ் ஸ்டாண்ட் போகும் பஸ்ஸில் ஏறினேன். காவிரிப் பாலத்தில் நெரிசல். வண்டி நடுவில் நின்றுவிட்டது. அப்போது எல்வீராவிடமிருந்து குரல்பதிவு வந்தது. அந்தக் கேன்காரன் திரும்பவும் வந்து உட்கார்ந்திருக்கிறானாம், வேறொரு ஊர்ப் பக்கம். அங்கே இரண்டு பேர் இறந்துவிட்டார்கள். போலீஸ் ஆள் அடையாளம் கேட்கிறது, அவன் முகத்தை அருகில் பார்த்து உயிரோடு இருப்பவர்களில் பேச முன்வருவது நீங்கள் ஒருவர்தான், எப்போது வீட்டுக்கு வருவீர்கள் என்று கேட்டார். வீடு என்றுதான் சொன்னார்.

மாமாவுக்குச் சாராயம் கொடுத்தவனையும் நான் பார்த்திருக்கிறேன். இதை இதற்குமுன் எங்கும் சொன்னதில்லை. ரயில்வே லைனுக்கு அந்தப் பக்கம், மாமாவைக் கூப்பிடப் போன இடத்தில், நேருக்கு நேர் பார்த்தேன். அன்றைக்கு யாரும் என்னைக் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. அவன் இன்னும் எத்தனை பேருக்குக் கொடுத்தான் என்று எனக்குத் தெரியாது. வருகிறேன் என்று எல்வீராவுக்குப் பதில் அனுப்பினேன். பிறகு கண்ணை மூடி, மரத்தடியில் இருந்தவனின் முகத்தை மனதில் வரைந்து பார்த்தேன். வைக்கோல் தொப்பி வந்தது. சட்டை வந்தது. தொப்பிக்குக் கீழே திரும்பத் திரும்ப வந்தது மாமாவுக்குக் கொடுத்தவனின் முகம். கண்ணைத் திறந்தபோது பஸ் நகரவில்லை. பின்னால் ராஜகோபுரம், முன்னால் மலைக்கோட்டை, கீழே தண்ணீரில்லாத மணல். நான் இன்னும் கேன்காரனின் முகத்தைத் தேடிக்கொண்டிருந்தேன்.