நான் எழுதிய ரசீது

யுத்தம் முடிந்த சமயம், அரியலூரில் ஒரு கடலை மில்லில் கணக்கு எழுதிக்கொண்டிருந்தேன். அங்கே கூலி வேலை பார்த்த செல்லம்மாளுக்கு முதலாளி ஆறு மாதக் கூலி பாக்கி வைத்திருந்தார். கேட்டதற்கு வேலையை விட்டு நிறுத்திவிட்டார். அவள் முன்சீப் கோர்ட்டுக்குப் போனாள்.

வேலைக்குச் சேரும்போது அவளிடம் வெற்றுத்தாளில் கைநாட்டு வாங்கியிருந்தோம். அவள் வழக்குப் போட்ட பிறகு அதில், கூலி முழுவதும் பெற்றுக்கொண்டதாக முதலாளி சொல்லச் சொல்ல நான்தான் எழுதினேன்.

சாட்சி சொல்லப் போன அன்று கோர்ட்டு வாசலில் தலைசுற்றி உட்கார்ந்துவிட்டேன். செல்லம்மாள் தண்ணீர் கொண்டுவந்தாள்.

"குடிங்க கணக்குப்புள்ள. வெறும் வயித்தோடயா வந்தீங்க?"

"நான் உனக்கு எதிரா சாட்சி சொல்ல வந்திருக்கேன்."

"தெரியும். அதுக்காவ, மயங்கி வுழுவுற மனுசன அப்புடியே வுட்டுட்டுப் போவ முடியுமா?"

கூண்டில் ஏறியதும் முதலாளியின் வக்கீல் அந்த ரசீதை என்னிடம் நீட்டினார்.

"எழுதுனது நான்தாங்க. ஆனா அந்தம்மாவுக்குக் கூலி குடுக்கலீங்க."

தீர்ப்பு அவள் பக்கம் வந்தது. முதலாளி முழுக் கூலியையும் கோர்ட்டில் கட்டினார். என் வேலை போனது. சில மாதம் கழித்துப் பெரம்பலூரில் ஒரு ஜவுளிக் கடையில் சேர்ந்தேன்.

என்னை நேர்மையானவன் என்று சிலர் சொல்வதுண்டு. பொய் ரசீது எழுதியதும் இதே கைதான் என்று அவர்களிடம் நானே சொல்லிவிடுகிறேன்.