அப்பா தாமே எடுத்த அட்டை

அப்பாவின் சட்டையில் ஃபிலிம் கழுவும் மருந்தின் புளித்த வாடை எப்போதும் இருக்கும். பிரிக்பீல்ட்ஸ் வாடகை வீட்டில் அம்மா எவ்வளவு "சாபுன்" போட்டுத் துவைத்தாலும் அது போகாது. கோலாலம்பூரில் மலாய்ப் படங்கள் எடுத்த ஒரு சிறிய ஸ்டூடியோவில் அப்பாதான் ஒளிப்பதிவாளர். பேய்ப்படம், சிரிப்புப்படம், வாள்சண்டை என எதைக் கொடுத்தாலும் எடுப்பார். நட்டநடுப் பகலில் லென்சுக்கு முன்னால் சிவப்புக் கண்ணாடியை மாட்டி நிலா இரவைக் கொண்டுவருவார். படத்தை வெட்டி ஒட்டும் ஆள் வராத நாளில் அதையும் தாமே செய்வார். ஆனால் திரையில், ஒளிப்பதிவு என்ற இடத்தில், முதலாளியின் மைத்துனர் பெயர்தான் வரும். அந்த மைத்துனர் ஸ்டூடியோவுக்கு வந்துபோவது தேநீர் குடிக்க மட்டும்தான்.

"பேசாம இருங்க, பிள்ளைங்க இருக்கு" என்பார் அம்மா.

"பயந்து தின்ன சோறு உடம்புல ஒட்டுமா?" என்பார் அப்பா.

அந்தக் காலத்தில் பெயர்களை அட்டையில் எழுதி, அவற்றையும் கேமராவால்தான் படம்பிடிப்பார்கள். எனக்குப் பத்து வயதானபோது வந்த படத்தில், அப்பா தம் பெயரை எழுதிய அட்டையைத் தாமே படம்பிடித்து, மைத்துனர் பெயரை வெட்டிவிட்டு அங்கே ஒட்டிவிட்டார். படம் வெளியான அன்று எங்களை ரயிலில் கிள்ளான் தியேட்டருக்கு அழைத்துப் போனார். திரையில் "சின்னையா" என்று கண்டதும் நாற்காலி மேல் ஏறி நின்று உரக்க வாசித்தேன்.

"ஏய், உட்காருலா!" என்று பின்னாலிருந்து குரல் வந்தது.

"எதுடி, எங்கடி?" என்று மலாய் எழுத்து தெரியாத அம்மா தேடுவதற்குள் பெயர் போய்விட்டது. அதனால் அடுத்த காட்சிக்கும் உட்கார்ந்தோம். இம்முறை நான் விரல் நீட்டிக் காட்ட, அம்மா எழுந்து நின்று கை தட்டினார்.

மறுநாள் ஸ்டூடியோ மேலாளர் எங்கள் வீட்டு வாசலுக்கு வந்தார். கைதவறி நடந்தது என்று மன்னிப்புக் கேட்டால் வேலை இருக்குமாம். அப்பா வாயைத் திறப்பதற்குள் அம்மா முன்னே வந்தார்.

"அவர் கேக்கமாட்டாரு, அண்ணே. போய்ச் சொல்லிடுங்க."

வேலை போயிற்று. அதன்பின் அப்பா ரவாங்கில் கல்யாணங்களை எடுத்தார், கிள்ளானில் வெள்ளத்தை எடுத்தார், சவர்க்கார விளம்பரமும் எடுத்தார். வீட்டில் கறி வாங்கும் நாள் குறைந்தது. அந்த மன்னிப்பைக் கேட்டிருக்கலாமே என்று அம்மா ஒருநாளும் சொன்னதில்லை.

இன்று அந்தத் தியேட்டர் இருந்த இடத்தில் மெத்தை விற்கிறார்கள். படத்தின் பிரதி ஒன்றுகூட மிஞ்சவில்லை. பழைய படங்களைப் பட்டியலிடும் இணையதளம் ஒன்றில் அந்த மைத்துனர் பெயரே இருக்கிறது. திருத்தச் சொல்லி மூன்று முறை எழுதினேன். எழுத்தில் ஆதாரம் இருக்கிறதா என்று கேட்டார்கள்.

இல்லாமல் இருந்தது. இப்போது எழுதிவிட்டேன்.