வார்டுக்குள் இழுத்த கரமடி

தெற்குத் தாலுகாக்களை மலையாள நாட்டிலிருந்து பிரித்துத் தமிழ்நாட்டோடு சேர்க்கச் சொல்லி எங்கள் எல்லைக் கிராமங்கள் கொதித்துக்கொண்டிருந்த காலம். நெய்யாற்றின்கரைப் பக்கம் ஓர் ஆஸ்பத்திரியில் நான் குமாஸ்தா. படித்தவன் என்பதால் நோய்க்கு எண் போடும் வேலையை எனக்குக் கொடுத்திருந்தார்கள். டாக்டர் எழுதிய நோய்க்கு உரிய எண்ணைத் தடித்த ஓர் ஆங்கிலப் புத்தகத்தில் தேடி எடுத்துச் சீட்டில் எழுத வேண்டும். டாக்டரம்மா அதைப் படித்துப் பார்க்காமலே கையெழுத்துப் போடுவார். என்மேல் அவ்வளவு நம்பிக்கை.

ஒரு நாள் போலீஸ்காரர் ஒருவர் ஒரு கைதியைக் கொண்டுவந்தார். பூவார் கடற்கரையில் கரமடி இழுக்கிற மனிதர். கடலில் வளைத்துப் போட்ட பெரிய வலையை, கரையில் இரண்டு பக்கமும் ஆட்கள் நின்று கயிறு பிடித்து இழுத்துக் கரையேற்றுவதுதான் கரமடி. அந்த வலைக்குக் கயிறு வாங்கப் பாறசாலைச் சந்தைக்கு வந்தவரை, ஊர்வலக் கூட்டத்தோடு சேர்த்துப் பிடித்துவிட்டார்கள். ரோட்டை மறிக்கத்தான் தோளில் கயிறு என்பது போலீஸின் கணக்கு. லாக்கப்பில் இரண்டு மூன்று நாள் போனதும் உடம்பு நடுங்க ஆரம்பித்தது. வியர்த்துக் கொட்டியது. சுவரில் இல்லாததையெல்லாம் கண்டு பேசினார்.

டாக்டரம்மா பார்த்த உடனே சொல்லிவிட்டார். வருஷக்கணக்காகத் தினமும் சாராயம் குடித்துப் பழகிய உடம்பு. திடீரென்று அது நின்றதால் வந்த நடுக்கமும் பிதற்றலும் இது. மருந்து கொடுத்துக் கூடவே இருந்து பார்த்துக்கொண்டால் சில நாளில் தெளியும். கட்டிப் போடக் கூடாது.

புத்தகத்தில் அதற்கு எண் இருந்தது. நான் அதை எழுதவில்லை. எங்கள் பகுதியில் அப்போது மதுவிலக்கு. குடிநோய் என்று எழுதினால் கிளர்ச்சி வழக்கோடு சாராய வழக்கும் இவர் தலையில் விழும் என்று நினைத்தேன். என் மனசு கிளர்ச்சிக்காரர்கள் பக்கம். ஓர் ஏழைக்கு உபகாரம் செய்கிற நினைப்பில், இன்னொரு பக்கத்தைப் புரட்டி, சித்தப்பிரமைக்கு உரிய எண்ணை எழுதினேன். சீட்டு ஸ்டேஷனுக்குப் போயிற்று.

மறுநாள் ஸ்டேஷனிலிருந்து தகவல் வந்தது. மதியத்துக்குமேல் ஜீப் வருகிறதாம், ஆளை நகரத்திலுள்ள பைத்தியக்கார ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகிறார்களாம். நான் எழுதிய எண் செய்த வேலை. டாக்டரம்மாவிடம் ஓடிப்போய்ச் சொல்லியிருக்க வேண்டும். வேலை போய்விடும் என்று பயந்து பேசாமல் இருந்தேன்.

அன்று உச்சிப்பொழுதில் வார்டிலிருந்து சிரிப்புச் சத்தம் கேட்டுப் போனேன். அந்தக் கைதி கட்டிலில் உட்கார்ந்து, கால்களைக் கட்டில் சட்டத்தில் ஊன்றி, பின்னால் சாய்ந்து சாய்ந்து இல்லாத கயிற்றை இழுத்துக்கொண்டிருந்தார். கை மாற்றிக் கை மாற்றி, அவ்வளவு சுத்தமான இழுப்பு.

பக்கத்துக் கட்டில் கிழவர், "மக்கா, நெத்தோலி கிட்டினா எனக்கும் ஒரு பங்கு வையி, கேட்டியா!" என்றார். வார்டே சிரித்தது.

"எலே, அந்தக் கயித்தைப் பிடிங்கலே! வலை ஒரு பக்கமா போவுது!" என்று அவர் கத்தினார். கண்ணில் தண்ணீர் ஓடியது. சிரிப்பு நின்றுபோயிற்று.

அப்போதுதான் அவர் மனைவி பூவாரிலிருந்து நடந்து வந்து சேர்ந்தார். வாசலில் நின்று கொஞ்ச நேரம் பார்த்தார். அழவில்லை. "இவரு ஒத்தைக்கு இழுக்காரு. மறு கயித்துல ஆளில்ல" என்றார். நேரே போய்க் கட்டில் விரிப்பை முறுக்கி, ஒரு முனையைக் கணவர் கையில் கொடுத்து, மறு முனையைத் தான் பிடித்துக்கொண்டார். "நான் பிடிச்சாச்சு. நீரு இழும்" என்றார்.

அவர் இழுத்தார். பெண்மணியால் தாங்க முடியவில்லை. எட்டிப் பார்த்த கிழவர் எழுந்து வந்து பின்னால் பிடித்தார். காவலுக்கு நின்ற போலீஸ்காரர் தொப்பியைக் கழற்றி ஜன்னலில் வைத்துவிட்டு அவரும் பிடித்தார். தமிழ் பேசுகிறவர், மலையாளம் பேசுகிறவர் என்று வெளியே ஒருவர் மண்டையை ஒருவர் உடைத்துக்கொண்டிருந்த நாளில், எழுந்து நிற்க முடிந்த நோயாளிகள் எல்லாரும் ஒரே விரிப்பைப் பிடித்திருந்தார்கள். கடைசி ஆளாக நானும். அவர் சொன்ன தாளத்தில் நாங்கள் இழுத்தோம், விட்டோம். மெல்ல மெல்ல அவர் மூச்சு சீரானது. வலை கரைக்கு வந்துவிட்டது போலிருக்கிறது; குனிந்து தரையைப் பார்த்து, "நெறைய உண்டு" என்றார். சத்தம் கேட்டு வந்த டாக்டரம்மா கொடுத்த மருந்தை மடக்கென்று குடித்துவிட்டு, மனைவியின் மடியில் தலைவைத்துத் தூங்கிப்போனார். கோவிலுக்குள் நிற்பது போல எனக்கு உடம்பு சிலிர்த்தது.

ஜீப் வந்தது. இன்ஸ்பெக்டர் நீட்டிய சீட்டைப் பார்த்து டாக்டரம்மா திகைத்தார். என்னால் அதற்குமேல் நிற்க முடியவில்லை. எண்ணை மாற்றி எழுதியவன் நான்தான் என்று எல்லார் முன்னாலும் சொன்னேன். டாக்டரம்மா கோபப்படாமல் மலையாளத்தில் சொன்னது இது: வழக்கு ஒரு நாள் தீரும், பிராந்து, அதாவது பைத்தியம், என்ற பேர் இந்த மனிதரின் பிள்ளைகள்வரை போகும். நான் எழுதியதை அடித்துச் சரியான எண்ணை எழுதச் சொன்னார். அங்கேயே அடித்து எழுதிக் கொடுத்தேன்.

இன்ஸ்பெக்டர் நம்பாமல் போலீஸ்காரரைப் பார்த்தார்.

"பிராந்து ஒண்ணுமில்ல சார். நானும் கூட நின்னு இழுத்தவனாக்கும்" என்றார் அவர், தொப்பியைத் தேடிக்கொண்டே.

ஜீப் காலியாகத் திரும்பியது. சில நாளில் அவர் தெளிந்தார். நான் பயந்த சாராய வழக்கு வரவே இல்லை. கிளர்ச்சி வழக்கும் நிற்கவில்லை. ஒரு மாதம் கழித்து அந்தப் பெண்மணி ஓலைப்பெட்டியில் மீன் கொண்டுவந்து, "சாரும் கூடப் பிடிச்சீரே" என்று என் மேஜையில் வைத்தார். ஜீப்பை வரவழைத்தவன் நான்தான் என்பதை யாரும் அவரிடம் சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை. மீனை வீட்டுக்குக் கொண்டுபோய்ச் சாப்பிட்டேன்.

எனக்கு இப்போது தொண்ணூறு தாண்டிவிட்டது. இன்றைக்கும் ஒருவரைப் பற்றி இன்னார் இப்படித்தான் என்று சட்டென்று முடிவு கட்டப் போகிறபோது, அந்த விரிப்பின் முனை என் உள்ளங்கையில் இழுபடுகிறது, நான் வாயை மூடிக்கொண்டு பிடித்து நிற்கிறேன்.