சண்டைக்கு வாசித்த இசைத்தட்டு

எழுபதுகளின் நடுவில் நடந்தது இது. தமிழ்நாடு-கேரள எல்லையில், வாளையாருக்குப் பக்கத்தில் நெல்லும் கடலையும் போடுகிற குடும்பம் எங்களுடையது. கோயமுத்தூருக்குப் படிக்கப் போன அண்ணன், படிப்போடு ஒரு எலெக்ட்ரிக் கிடாரையும் கொண்டு வந்தான். நான் டிரம்ஸ் அடித்தேன். பெண்பிள்ளை டிரம்ஸ் அடிப்பதை வேடிக்கை பார்க்கவே பாதிக் கூட்டம் வரும். பேஸ் கிடாருக்கு அண்ணனின் மலையாளி நண்பர், பாடுவதற்கு எங்கள் ஊர்ப் பாட்டுக்காரர். இவ்வளவுதான் எங்கள் குழு.

எங்கள் பக்கத்துத் திருவிழா மேடைகளில் தமிழில் பாடினால் பாதிப் பேர் மலையாளம் கேட்டுக் கத்துவார்கள். மலையாளத்தில் பாடினால் மீதிப் பாதி கத்தும். கொஞ்ச நேரத்தில் மேடைக்குச் செருப்பு வந்துவிடும். பாட்டுக்காரர் மைக்கை விட்டு நைசாக நழுவிவிடுவார். மற்ற மூன்று பேரும் சண்டை அடங்கும் வரை கைக்கு வந்ததை வாசிப்போம். ஒருவர் தொடங்க, அடுத்தவர் பிடித்துக்கொள்ள, அது எங்கெங்கோ போகும். முன்கூட்டி எதுவும் பேசி வைப்பதில்லை. ‘சண்டை வாசிப்பு’ என்று நாங்களே அதற்குப் பெயர் வைத்திருந்தோம். அதையெல்லாம் ஒரு இசையாக நாங்கள் மதித்ததே இல்லை.

பாலக்காட்டில் ரேடியோ கடை வைத்திருந்த ஐயர் ஒருவர் எங்களை வைத்து ஒரு எல்.பி. ரெக்கார்டு போட முன்வந்தார். ஒரு பக்கம் தமிழ்ப் பாட்டு, மறுபக்கம் மலையாளப் பாட்டு என்று ஏற்பாடு. எங்கள் வீட்டிலோ எனக்கு மாப்பிள்ளை தேடிக்கொண்டிருந்தார்கள்.

“அம்மிணி, பிளேட்டு வந்துருச்சுன்னா உன்ற இஷ்டம். வரலீன்னா டிரம்மை அட்டாலி மேல ஏத்திப்போடுவேன், சொல்லிப்போட்டேன்” என்றார் அப்பா. சொன்னால் செய்கிறவர். டிரம்ஸ் பரணுக்குப் போனால் போனதுதான்.

ரெக்கார்டிங் அன்று காலை கோயமுத்தூர் ஸ்டுடியோவுக்கு வந்து சேர்ந்த பாட்டுக்காரரைப் பார்த்து எனக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தன. அவருக்குப் பொன்னுக்கு வீங்கி! இரண்டு கன்னமும் பூரி மாதிரி உப்பிக் கிடக்க, வீக்கம் வடியட்டும் என்று அவருடைய அம்மா தன் தங்கச் சங்கிலியைக் கழுத்தில் போட்டு அனுப்பியிருந்தார். வாயைத் திறக்கவே முடியவில்லை.

ரேடியோ கடைக்காரர் தலையில் கை வைத்துக்கொண்டார். “பாட்டு இல்லாமெ என்னத்தெ ரிக்கார்டு பண்றது? இன்னிக்கு விட்டா இனி இவா நமக்கு ஸ்டுடியோ தரமாட்டா. எல்லாத்தையும் கட்டிண்டு கிளம்புங்கோ.”

அண்ணன் கிடாரைப் பெட்டியில் வைக்கப் போனான். எனக்கு அட்டாலிதான் கண்ணில் தெரிந்தது. வாய்விட்டு அழுதேவிட்டேன்.

அப்போது பாட்டுக்காரர் எழுந்தார். குனிந்து தன் கால் செருப்பைக் கழற்றினார். அண்ணனைக் குறி பார்த்து வீசினார்!

ஒரு நொடி யாருக்கும் புரியவில்லை. அவர் இரண்டு கையையும் ஆட்டி, திருவிழாக் கூட்டம் போலவே குதித்தார். சங்கிலி இங்கும் அங்கும் ஆடியது. ‘சண்டை வாசிப்பு’ கேட்கிறார் என்று எனக்குச் சட்டென்று விளங்கிவிட்டது. கண்ணைத் துடைத்துக்கொண்டு குச்சியை எடுத்து அடித்தேன் பாருங்கள்! அண்ணன் சிரித்துக்கொண்டே கிடாரை மாட்டிக்கொண்டு சேர்ந்துகொண்டான். பேஸ் கிடார் கீழே உறுமியது. “ஐயையோ, இருங்க, டேப்பைப் போடறேனுங்க!” என்று ஒலிப்பதிவாளர் ஓடினார்.

சாயங்காலம் வரை வாசித்தோம். ஒரு முறை வாசித்தது மறுமுறை வரவில்லை, வரவேண்டும் என்று நாங்கள் தேடவும் இல்லை. வேகம் குறைந்தால் பாட்டுக்காரர் மறுபடி செருப்பைக் காட்டுவார். கிளம்பச் சொன்ன கடைக்காரரே மேஜையில் தாளம் போட ஆரம்பித்துவிட்டார். “பாட்டுக்கெல்லாம் என்ன பேர் போடறது?” என்று கடைசியில் அவர் கேட்டபோது அண்ணன் யோசிக்கவே இல்லை. ‘முதல் செருப்பு’, ‘மைக்கைப் பிடுங்கு’, ‘போலீஸ் வந்தாச்சு’, ‘சமாதானம்’ என்று அடுக்கிவிட்டான். அப்படியே அட்டையில் அச்சாகியும் வந்தது.

தட்டு கைக்கு வந்த பிறகும் அப்பா முகம் தெளியவில்லை. “பாட்டே இல்லியே அம்மிணி, இதை ஆரு கேப்பாங்க?” என்றார்.

கொஞ்ச நாள் கழித்து நானும் அப்பாவும் கடலை மூட்டை ஏற்றிய லாரியில் கோயமுத்தூர் போனோம். வாளையார் செக்போஸ்ட்டில் லாரிகள் வரிசை கட்டி நின்றன. டீக்கடைக்குள்ளிருந்து டிரம்ஸ் சத்தம் வந்தது. என் அடி எனக்குத் தெரியாதா? எட்டிப் பார்த்தால் தமிழ் டிரைவர், மலையாளி கிளீனர், தலைப்பாகை கட்டிய சர்தார்ஜி எல்லோரும் டம்ளரிலும் பெஞ்சிலும் தட்டிக்கொண்டிருக்கிறார்கள். இது என்ன பாஷை என்று ஒருவரும் கேட்கவில்லை. ஊசி தட்டின் நடுவுக்கு வந்து நின்றதும் சர்தார்ஜி, “ஏக் பார் அவுர்!” என்று இன்னொரு முறை போடச் சொல்லிக் கத்தினார்.

அப்பா லாரியிலிருந்து குதித்தே இறங்கினார். கடை வாசலில் நின்று, செக்போஸ்ட்டுக்கே கேட்கிற மாதிரி சொன்னார்: “ஏனுங்க, அந்த அடி அடிக்கறது என்ற புள்ளைங்க! மறுக்காப் போடுங்க!”

எனக்குக் கால் தரையில் பாவவில்லை. என் டிரம்ஸ் அட்டாலிக்கு ஏறவே இல்லை. செருப்படிக்குத் தப்பிக்கக் கற்றுக்கொண்ட வித்தைதான் அன்று என் அப்பாவை அப்படி நெஞ்சு நிமிர்த்திப் பேச வைத்தது என்று நினைத்தால், பேரன் பேத்தி எடுத்த இந்த வயதிலும் என் கை சும்மா இருப்பதில்லை, பக்கத்தில் எது இருந்தாலும் தட்டத் தொடங்கிவிடுகிறது.